நடுத்தீர்ப்பாளர் சாப்பிட்ட மூன்று றோல்கள்

போன மாதம் ஓய்வூதிய அலுவல் ஒன்றுக்காக நான் சத்தியம் செய்ய வேண்டியிருந்தது. சமையலறை மேசையில், கணினிக்கு முன்னால் இருந்து செய்தேன். மேலே மடிப்புக் கலையாத சட்டை, கீழே சாரம். திரையில் தெரிந்த பிள்ளை எதையோ மென்றுகொண்டு, "இதில் உள்ளதெல்லாம் உண்மைதானே?" என்று பிரெஞ்சில் கேட்டாள். நான் வலது கையை உயர்த்தித் தொண்டையைச் செருமுவதற்குள் "மெர்சி, முசியே" என்று மறைந்துபோனாள். உயர்த்திய கையை என்ன செய்வதென்று தெரியாமல் தலையைச் சொறிந்துவிட்டு எழும்பினேன்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. மொன்றியலில் ஒரு சட்ட அலுவலகத்தில் இருபத்திரண்டு வருடம் எழுதுவினைஞன் வேலை பார்த்தவன் நான். அதில் பெரும்பகுதி, சத்தியப் பிரமாண ஆணையாளர் என்ற பெரிய பட்டத்தோடும் ஒரு சின்ன முத்திரையோடும் கழிந்தது. கள்ளனும் கன்னியாஸ்திரியும் என் முன்னால் கை உயர்த்தியிருக்கிறார்கள். கள்ளர்கள் கையைக் கொஞ்சம் நேராக உயர்த்துவார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். அந்த ஆத்திரத்தில் பழைய அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்துப் புலம்பினேன். அவர்கள் கெட்டிக்காரர். "நீதிமன்றத்திடம் ஒளிக்காமல் சொல்லும் கடமை பற்றி உங்கள் அனுபவத்தை எழுதித் தாருங்கள், புதிதாகச் சேருகிறவர்களுக்குக் கொடுக்கலாம்" என்று என் வாயை அடைத்துவிட்டார்கள். தமிழில்தான் எழுதுவேன் என்றேன். சரி என்றார்கள். மொழிபெயர்க்கிறவன் பாடு.

நான் படித்த வரலாறு சுருக்கமானது. யாழ்ப்பாணத்தில் ஒரு பிறக்கிராசியாரிடம், அதாவது ஊர் வக்கீலிடம், நாலு வருடம் எடுபிடி. அந்த மனிதருடைய சட்ட அறிவு முழுவதும் ஒரே வசனம்: "எதிராளி கேக்காததை நீ ஏனடா சொல்லுறாய்?" பிறகு சண்டை, கொழும்பு, விமானம், மொன்றியல். இங்கே வந்திறங்கிய என்னைத் தன் வீட்டு விறாந்தைச் சோபாவில் எட்டு மாதம் படுக்க வைத்தவர் பீற்றர் அண்ணை. தேவாலயத்தில் முன்வரிசை, பெருநாள்களில் முதல் வாசகம் வாசிக்கிறவர், எங்கள் சனம் கூடி வாழும் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதி முழுக்கத் தெரிந்த ஆள். அவருடைய சோபாவில் படுத்துக்கொண்டு உணவகத்தில் கோப்பை கழுவினேன், பிரெஞ்சு படித்தேன், ஒரு கல்லூரியில் எழுதுவினைஞர் சான்றிதழும் எடுத்தேன். தமிழ் வாடிக்கையாளர்கள் கூடிவிட்டார்கள், மொழி தெரிந்த ஒருவன் வேண்டும் என்று ஒரு பெண் வக்கீல் என்னை வேலைக்கு எடுத்தார்.

அவரை நாங்கள் "மேத்ர்" என்று கூப்பிடுவோம். இங்கே வக்கீலுக்குரிய மரியாதைச் சொல் அது. பெயரை எழுதமாட்டேன். இன்னும் உயிரோடு இருக்கிறார், இன்னும் வழக்குப் போடத் தெரிந்தவர். ஆள் கட்டை. மூக்குக் கண்ணாடியைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டிருப்பார். குரலை ஒருநாளும் உயர்த்தமாட்டார். கோபம் வந்தால் பென்சில் சீவுவார். மூன்று பென்சில் சீவி முடித்தும் அவர் பேசவில்லை என்றால் நாங்கள் மேல்சட்டையை எடுத்துக்கொண்டு மதிய உணவுக்குப் போய்விடுவோம், நேரம் காலை பத்து மணியாக இருந்தாலும்.

அவரிடம் ஒரு முறை இருந்தது. எந்த மனு எழுதுவதற்கு முன்னும் நீலத்தாள் ஒன்றை எடுப்பார். அதன் தலைப்பில் பிரெஞ்சில் எழுதுவார்: "எங்கே வலிக்கிறது?" வந்திருப்பவர் தன் நியாயத்தை எல்லாம் கொட்டி முடித்த பிறகு இந்தக் கேள்வி வரும். உனக்கு எதிரானது என்ன? மற்றவன் வாயைத் திறந்தால் முதலில் எதைச் சொல்லுவான்? எந்தக் கடிதத்தை நீ வீட்டில் விட்டுவிட்டு வந்திருக்கிறாய்? சனங்கள் பல்டாக்குத்தரிடம் வாய் திறக்கிறமாதிரிக் கொஞ்சங் கொஞ்சமாகத் திறப்பார்கள். சொன்னதை எல்லாம் நீலத்தாளில் எழுதி, அதில் முக்கியமானதை மனுவுக்குள்ளேயே ஒரு பந்தியாகப் போட்டுவிடுவார்.

எனக்கு இது சுத்த விசராகத் தெரிந்தது. நாங்களே எங்கள் தலையில் மண் அள்ளிப் போடுவதா? சேர்ந்த முதல் மாரியிலேயே என் யாழ்ப்பாணத்துக் கெட்டித்தனத்தைக் காட்டினேன்.

சின்னப் பிள்ளைகளைப் பார்க்கும் ஒரு கார்டரி நடத்திய அம்மா, கட்டடச் சொந்தக்காரருடனான பிணக்கில் நடுத்தீர்ப்பாளர் கொடுத்த முடிவை நீதிமன்றத்தில் உடைக்க வந்திருந்தார். விசாரணை நாளைத் தனக்கு அறிவிக்கவே இல்லை என்பது அவருடைய குறை. பின்னிணைப்புகளை அடுக்கும்போது, அறிவித்தல் கிடைத்தது என்று அவரே கையெழுத்து வைத்த துண்டு ஒன்று கட்டுக்குள் இருந்து விழுந்தது. நான் அதை அலுங்காமல் என் மேசை லாச்சிக்குள் தள்ளிவிட்டு, அம்மாவைக் காப்பாற்றிய பெருமையில் ஒரு விசுக்கோத்தும் சாப்பிட்டேன்.

மேத்ர் பக்க எண்களைத் தானே எண்ணிப் பார்க்கிறவர் என்பது எனக்கு அப்போது தெரியாது. ஒரு பென்சில், இரண்டு பென்சில், மூன்று பென்சில். பிறகு சொன்னார்: "மேல்சட்டையைப் போடு. இந்தத் துண்டை எதிர்த்தரப்பு வக்கீலிடம் நடந்துபோய்க் கொடு. 'இதை நான் ஒளித்தேன்' என்று உன் வாயால் சொல். தபாலில் போடக்கூடாது. பஸ்ஸில் போகக்கூடாது." பெப்ரவரி மாதம். மூக்கு இருக்கிறதா இல்லையா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டு நடந்தேன். அந்த வக்கீல் துண்டை வாங்கிப் பார்த்து, என்னைப் பார்த்து, "உன் மேத்ரா அனுப்பினார்? ஐயோ பாவம்" என்று சொல்லிக் கோப்பி வாங்கித் தந்தார். மனு அடுத்த நாளே திரும்பப் பெறப்பட்டது.

திரும்பி வந்தபோது மேத்ர் எனக்கு ஒரேயொரு முறை விளக்கம் சொன்னார். "சாதாரண வழக்கில் நீதிபதி சாட்சிகளைத் தானே கேட்கிறார். நடுத்தீர்ப்பை உடைக்க வரும்போது அப்படி இல்லை. தீர்ப்பு சரியா பிழையா என்று அவர் பார்க்கக்கூடாது. விசாரித்த விதம் நேரானதா என்று மட்டும்தான் பார்ப்பார். அந்த அறையில் அவர் இருக்கவில்லை. நாங்கள் காட்டுவதுதான் அவருக்குத் தெரியும். நாங்கள் பாதியைக் காட்டினால் அவர் பாதிக் குருடர்." நான் தலையாட்டினேன். மூக்கில் உணர்ச்சி திரும்பி வந்துகொண்டிருந்ததால் அதிகம் கவனிக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு பல வருடம் நான் நல்ல பிள்ளை. நீலத்தாள் கேள்வியைத் தமிழில் கேட்பதில் எனக்கு நிகர் இல்லை என்று பெயரும் எடுத்தேன். பிறகு, இரண்டாயிரத்துகளின் நடுப்பகுதியில், ஒரு நவம்பர் மாதம், பீற்றர் அண்ணை எங்கள் அலுவலகப் படியேறி வந்தார்.

விசயம் இதுதான். பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒரு மூன்று மாடிக் கட்டடத்தை அவரும் ராசன் என்பவரும் சேர்ந்து வாங்கியிருந்தார்கள். ராசனின் மனைவி யோசப்பின், பீற்றர் அண்ணைக்கு ஒன்றுவிட்ட தங்கை முறை. கீழ் வீட்டில் பீற்றர் அண்ணை, நடுவில் வாடகைக்காரர், மூன்றாம் மாடியில் ராசன் குடும்பம். ஐந்து வருடத்துக்கு ஒருமுறை கீழ் வீட்டுக்காரரும் மேல் வீட்டுக்காரரும் மாறிக்கொள்ள வேண்டும், பிணக்கு வந்தால் நடுத்தீர்ப்பாளர் ஒருவர் முடிவு சொல்லவேண்டும் என்று ஒப்பந்தம் எழுதியிருந்தார்கள். ஐந்து வருடம் முடிந்தது. பீற்றர் அண்ணை மாறமாட்டேன் என்றார். பின்வளவில் மாதாவுக்குக் கெபி, ஒரு சின்னக் கற்குகை, கட்டிவிட்டாராம். "மேலை போனால் மாதாவை ஆர் பாக்கிறது?" என்று கேட்டார். மாதா இரண்டாயிரம் வருடம் இவரில்லாமல் சமாளித்ததை நான் அவருக்கு நினைவூட்டவில்லை.

மேல் வீட்டில் பிரச்சினை வேறு. வீட்டில் இருந்து தைத்துக் கொடுக்கிற யோசப்பின் அக்கா, ஐஸில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு உடைந்தவர். செவ்வாயும் வெள்ளியும் உடற்பயிற்சிச் சிகிச்சைக்குப் போகவேண்டும். மூன்றாம் மாடியில் இருந்து நடு மாடி வரை உள்ளே செங்குத்துப் படி. அங்கிருந்து தெருவுக்கு வெளியே வளைந்து இறங்கும் இரும்புப் படி, மழைக்கும் பனிக்கும் திறந்தபடி. அந்த மனுசி அதில் நின்று இறங்க முடியாமல் குந்தியிருந்து ஒவ்வொரு படியாக அரக்கி அரக்கி இறங்குவார். படிக்கு ஒரு புனிதராக அர்ச்சிஷ்டர்களைக் கூப்பிடுவார். பதினெட்டுப் படி, பதினெட்டு அர்ச்சிஷ்டர். கடைசிப் படிக்கு வரும்போது அவர் கூப்பிடுகிற பெயர்கள் அர்ச்சிஷ்டர் பட்டியலில் இல்லாதவை என்று வாடகைக்காரர் சொல்லுவார்.

நடுத்தீர்ப்பாளர் ஒரு ஓய்வுபெற்ற நொத்தாரிசு, காணி உறுதி, பத்திரம் எழுதுகிறவர். எழுபது வயது, கியூபெக் மாகாணத்தவர், ஒல்லி, மெல்லிய குரல். செப்டெம்பரில் ஒரு சனிக்கிழமை இரண்டு வீட்டையும் படியையும் நேரில் வந்து பார்த்தார். கீழ் வீடு நவம்பர் முடிவதற்குள் ராசன் குடும்பத்துக்குப் போகவேண்டும் என்று அக்டோபரில் தீர்ப்பு எழுதினார்.

அதைத்தான் பீற்றர் அண்ணை உடைக்க வந்திருந்தார். காரணமும் கையோடு கொண்டுவந்தார். "அந்தாள் ராசன் வீட்டிலை இருந்து மத்தியானம் சாப்பிட்டவர். இடியப்பமும் சொதியும். என்னைக் கீழை விட்டிட்டு அவையளோடை இருந்து விருந்து. உது பக்கச்சார்பு இல்லாமல் வேறை என்ன?"

மேத்ர் நிமிர்ந்து இருந்தார். விசாரிக்கிறவர் ஒரு தரப்பின் வீட்டில் தனியாக விருந்து சாப்பிடுவது சின்ன விசயம் அல்ல. மனு எழுதலாம் என்றார். அதோடு, மனு விசாரணைக்கு வரும் வரைக்கும் வீடு மாறுவதை நிறுத்தி இடைக்காலத் தடையும் கேட்கலாம். பிரதான விசாரணைக்கு வசந்தகாலத்தில்தான் தேதி கிடைக்கும். அதாவது தடை கிடைத்தால் யோசப்பின் அக்கா அந்த மாரி முழுவதும் அதே படியில் குந்தியிருந்து இறங்கவேண்டும். பீற்றர் அண்ணைக்கு அது தெரியும். எனக்கும் தெரியும்.

வெள்ளிக்கிழமை சத்தியக்கடதாசி தயார். நீலத்தாளை எடுத்துக்கொண்டு நான்தான் கேட்டேன். "பீற்றர் அண்ணை, எங்களுக்கு எதிரா ஏதும் இருக்கோ?"

"என்ன இருக்கு? ஒண்டுமில்லை. எழுதும்."

"அவை என்ன சொல்லுவினம்?"

"அவை என்னத்தைச் சொல்லுறது? தம்பி, நீர் என்னைத் தெரியாதவர் மாதிரிக் கேள்வி கேக்கிறீர்."

வேறு ஆள் என்றால் இன்னும் ஐந்து கேள்வி கேட்டிருப்பேன். சோபாவில் எட்டு மாதம் படுத்தவனுக்கு வாய் வரவில்லை. நீலத்தாளில் "ஒன்றுமில்லை" என்று எழுதினேன். அவர் கையை உயர்த்தினார், மிக நேராக. நான் முத்திரை குத்தினேன்.

ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பூசை முடிந்து மண்டபத்தில் தேத்தண்ணி குடித்துக்கொண்டு நின்றோம். பீற்றர் அண்ணையின் மனைவி மேரி அக்கா என்னிடம் வந்தார். அவருடைய மட்டன் றோலுக்கு மொன்றியல் தீவு முழுக்க மரியாதை உண்டு.

"என்ன, வழக்கெல்லாம் போடுறியளாம்," என்றார். "அந்த வெள்ளைக்காரன் நல்ல மனுசன் கண்டீரோ. அண்டைக்கு முதலிலை எங்கட வீட்டைதான் வந்தவர். மூண்டு றோல் சாப்பிட்டவர்! மூண்டு! மூண்டாவதைத் தானாக் கையை நீட்டி எடுத்தவர். பேந்து இவர்தான் பெட்டியிலை இன்னும் நாலு போட்டுக் காருக்குள்ளை வைச்சு விட்டவர்."

என் வாயில் இருந்த தேத்தண்ணி உள்ளேயும் போகவில்லை, வெளியேயும் வரவில்லை.

இங்கே ஒன்றைச் சொல்லவேண்டும். எங்கள் ஆட்களின் வீட்டுக்கு யார் வந்தாலும் சாப்பிடாமல் போகவிடமாட்டோம். மின்கட்டண மீற்றர் பார்க்க வந்தவனுக்கு வடை கொடுத்து அனுப்பியிருக்கிறோம். நியாயம் சொல்ல வந்தவருக்குச் சாப்பாடு கொடுப்பது பிழை என்று அந்தக் கட்டடத்தில் ஒருவருக்கும் தோன்றியிருக்காது. இரண்டு வீடும் போட்டிபோட்டு ஊட்டியிருக்கிறது. பாவம், அந்த நொத்தாரிசு மேல் வீட்டுக்கு ஏறும்போதே மூன்று றோலைச் சுமந்துகொண்டுதான் ஏறியிருக்கிறார். பீற்றர் அண்ணையின் சத்தியக்கடதாசியில் பொய் ஒரு எழுத்தும் இல்லை. இடியப்பம் உண்மை. றோல்தான் இல்லை.

நான் செய்யவேண்டியது என்ன என்று எனக்கு நன்றாகத் தெரியும். திங்கள் காலை மேத்ரிடம் போய்ச் சொல்லவேண்டும். திங்கள் மனு நீதிமன்ற மேசையில் கொடுக்கப்பட்டது. நான்தான் கொண்டுபோய்க் கொடுத்தேன். வாய் திறக்கவில்லை. செவ்வாய், புதன், திறக்கவில்லை. "எதிராளி கேக்காததை" என்று பிறக்கிராசியார் காதுக்குள் இருந்து சொல்லிக்கொண்டிருந்தார். ராசனுக்கும் வக்கீல் உண்டு, வேண்டுமென்றால் அவர் சொல்லட்டும் என்று எனக்கு நானே சமாதானமும் சொன்னேன். உண்மையைச் சொன்னால், பயம். பீற்றர் அண்ணை முகத்தைத் திருப்பிக்கொண்டால் பாதித் தேவாலயம் திருப்பிக்கொள்ளும்.

வியாழக்கிழமை காலை இடைக்காலத் தடை விசாரணை. நீதிமன்றத்தின் நீண்ட நடைபாதையில் நாங்கள் ஒரு பக்கம், ராசனும் அவருடைய வக்கீலும் மறுபக்கம். யோசப்பின் அக்கா வரவில்லை. இடுப்போடு எப்படி வருவது என்று நினைத்துக்கொண்டேன். மேத்ர் கட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "நீலத்தாளில் 'ஒன்றுமில்லை' என்று நீ எழுதியிருந்தாய். நேற்றிரவு நிம்மதியாக நித்திரை கொண்டேன்" என்றார்.

"மேத்ர், அவர் கீழ் வீட்டிலும் சாப்பிட்டவர்" என்றேன்.

கண்ணாடியைக் கழற்றினார். "என்ன சாப்பிட்டார்?"

"றோல்."

"எத்தனை?"

"மூன்று. பெட்டியில் நாலு."

"உனக்கு எப்போது தெரியும்?"

"ஞாயிறு."

பென்சில் சீவ வழியில்லாத இடம். "நாலு நாள்," என்றார், அவ்வளவுதான். பிறகு பீற்றர் அண்ணையையும், பட்டுச்சேலையில் வந்திருந்த மேரி அக்காவையும் பக்கத்துச் சின்ன அறைக்குள் கூப்பிட்டார். நான் மொழிபெயர்க்கவேண்டும். மேத்ர் நேராகச் சொன்னார்: விட்டதைச் சேர்த்து இன்னொரு சத்தியக்கடதாசி எழுதவேண்டும். மாட்டேன் என்றால் அவர் இந்த நிமிடமே வழக்கில் இருந்து விலகிக்கொள்வார்.

பீற்றர் அண்ணை என்னை எரிக்கிறமாதிரிப் பார்த்தார். "நீயோடா? என்ர வீட்டுச் சோத்தைத் திண்டிட்டு நீயோடா?" இதை நான் மொழிபெயர்க்கவில்லை. பிறகு மேத்ர் பக்கம் திரும்பி, "உது முழுப் பொய். அந்தாள் எங்கட வீட்டிலை பச்சைத் தண்ணியும் குடிக்கேல்லை" என்றார்.

அங்கேதான் மனுசன் பிழைவிட்டார். மேரி அக்கா கதிரையை விட்டு எழும்பினார்.

"என்ன சொன்னனீங்கள்? என்ர வீட்டுக்கு வந்த மனுசன் வெறும் வயித்தோடை போனவரோ? ராசன் வீட்டிலை சாப்பிட்டவர், மேரி வீட்டிலை ஒண்டும் குடுக்கேல்லை எண்டே கடுதாசியிலை எழுதிக் கோட்டுக்குக் குடுத்து வைச்சிருக்கிறியள்? நாளைக்குச் சனம் என்னைப் பற்றி என்ன கதைக்கும்? விடிய அஞ்சு மணிக்கு எழும்பி இறைச்சி வெட்டினவள் நான்!"

"இஞ்சை, கொஞ்சம் சும்மா இரப்பா..."

"நான் இருக்கமாட்டன். நீதவானிட்டை நானே போய்ச் சொல்லுறன். மூண்டு றோல்! இந்தக் கையாலை!"

"அவர் என்ன சொல்கிறார்?" என்று மேத்ர் கேட்டார். "உறுதிப்படுத்துகிறார்" என்றேன்.

புதிய சத்தியக்கடதாசி அந்த அறையிலேயே கையால் எழுதப்பட்டது. மட்டன் றோலுக்கு மேத்ர் பிரெஞ்சில் "ஆட்டிறைச்சி வைத்துப் பொரித்த சுருள்கள், மூன்று" என்று எழுதினார். "நல்ல உறைப்பு எண்டும் எழுதச் சொல்லும்" என்றார் மேரி அக்கா. பீற்றர் அண்ணை கை உயர்த்தினார், இந்தமுறை முழங்கை மடிந்திருந்தது. நான் குத்திய முத்திரை சரிவாகப் பதிந்தது.

நீதிபதி வாசித்தார். "மூன்றா?" என்று கேட்டார். "மூன்று, கௌரவ நீதிபதி அவர்களே. பெட்டியில் நான்கு. இருபது நிமிடத்துக்கு முன்தான் எனக்குத் தெரியவந்தது" என்றார் மேத்ர். அதைக் கேட்ட ராசனின் வக்கீல் எழும்பி ஐந்து நிமிட அவகாசம் கேட்டார். அவர்கள் கொடுத்த சத்தியக்கடதாசியில், நடுத்தீர்ப்பாளர் மேல் வீட்டில் ஒரு குவளை தண்ணீர் மட்டுமே குடித்தார் என்று இருந்ததாம். ஐந்து நிமிடத்தில் அந்தத் தண்ணீர் இடியப்பமாக மாறியது. யேசு தண்ணீரை இரசமாக்கிய கானாவூரில்கூட இப்படி ஒரு புதுமை நடக்கவில்லை.

நீதிபதி அதிக நேரம் எடுக்கவில்லை. பீற்றர் அண்ணை தானே மேசைக்கு அழைத்து உபசரித்தவரை, மற்ற வீட்டு மேசையிலும் இருந்தார் என்று குறை சொல்ல முடியாது என்றார். தடை இல்லை. நவம்பர் முடிவதற்குள் வீடு மாறவேண்டும். பிரதான மனுவையும் பீற்றர் அண்ணை அடுத்த கிழமை திரும்பப் பெற்றார்.

வெள்ளி காலை மேத்ர் என் முத்திரையை வாங்கித் தன் லாச்சிக்குள் வைத்துப் பூட்டினார். உயிர்த்த ஞாயிறுவரை சத்தியம் செய்ய வந்தவர்களை எல்லாம் நான் தெருவுக்கு எதிர்ப்பக்க அலுவலகத்துக்குக் கூட்டிக்கொண்டு போகவேண்டியிருந்தது. பீற்றர் அண்ணை என்னோடு கதைப்பதை நிறுத்தினார். பூசையில் ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லும் நேரம் வந்தபோது, என்னைத் தாண்டி எட்டிப் பக்கத்தில் இருந்த தூணைத் தொட்டு வணங்கிவிட்டுப் போனார். இன்றுவரைக்கும் அப்படித்தான். எனக்கு வலித்தது. இல்லை என்று சொன்னால் அது பாதியை ஒளித்த இன்னொரு சத்தியக்கடதாசி.

டிசெம்பர் முதல் கிழமை ராசன் அலுவலகத்துக்குத் தொலைபேசி எடுத்தார். யோசப்பின் அக்கா என்னை வீட்டுக்கு வரச் சொல்லுகிறாராம். நான் சந்தோசமாகப் போனேன். பொய் சொல்லக்கூடாது, கொஞ்சம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டுதான் போனேன்.

கீழ் வீடு. ஒரேயொரு படி. கதவைத் திறந்தவர் யோசப்பின் அக்காதான். உள்ளே பாதிப் பெட்டிகள் இன்னும் பிரிக்கப்படாமல் இருந்தன. பின் யன்னலுக்கு வெளியே மாதா பனிக்குள் நின்றார், ஒரு குறையும் இல்லாமல்.

"இருங்கோ தம்பி, இருங்கோ. நீங்கள் வாய் திறந்தபடியாலைதான் நான் இண்டைக்கு இஞ்சை இருக்கிறன். ராசன் எல்லாம் சொன்னவர்."

இடது கையால் தேத்தண்ணி ஊற்றினார். கோப்பையில் பாதி, தட்டில் பாதி. வலது கை முழங்கையில் இருந்து விரல் வரைக்கும் மாவுக்கட்டு.

"கையிலை என்னக்கா?"

"அதையேன் கேக்கிறியள். விழுந்தனான். மேலை இருக்கேக்கை, படியிலை. பதினோராவது படி. முதல்நாள் மழை பெய்து உறைஞ்சு போய்க் கிடந்தது. மணிக்கட்டு மூண்டு துண்டு. இனித் தையல் மெசினிலை இருக்கேலாது எண்டு டொக்டர் சொல்லிப்போட்டார்."

"எப்ப விழுந்தனீங்கள்?"

"கோட்டுக்கு முந்தின செவ்வாய்க்கிழமை. அதாலைதானே நான் கோட்டுக்கு வரேல்லை."

ஞாயிறு, திங்கள், செவ்வாய். என் விரல்கள் மேசைக்குக் கீழே தாமாக எண்ணின. திங்கள் காலையில் மேத்ரிடம் சொல்லியிருந்தால் திங்கள் மத்தியானமே அந்த மனு செத்திருக்கும். பீற்றர் அண்ணை செவ்வாய்க்குள் வீட்டை விட்டிருப்பாரா? விட்டிருக்கமாட்டார். அவ்வளவு கெதியாக ஒருவரும் பெட்டி கட்டுவதில்லை. யோசப்பின் அக்கா அந்தச் செவ்வாய் எப்படியும் அந்தப் படியில்தான் இறங்கியிருப்பார். இந்தக் கணக்கை நான் அந்த நிமிடத்தில் போட்டேன், இத்தனை வருடமும் போடுகிறேன். கணக்கு சரியாகத்தான் வருகிறது. அதனால் ஒரு பிரயோசனமும் இல்லை.

"அக்கா," என்றேன். "எனக்கு ஞாயிற்றுக்கிழமையே தெரியும். மேரி அக்கா சொன்னவ. வியாழக்கிழமை மட்டும் நான் ஒருத்தருக்கும் சொல்லேல்லை."

அவர் என்னைப் பார்த்தார். பிறகு தன் மாவுக்கட்டைப் பார்த்தார். கத்துவார் என்று நினைத்தேன், அர்ச்சிஷ்டர் பட்டியலில் இல்லாத பெயர் ஒன்றை எனக்கு வைப்பார் என்று நினைத்தேன். வைத்திருந்தால் எவ்வளவோ நன்றாக இருந்திருக்கும்.

பிளேன்ரீக் கோப்பையை இடது கையால் என் பக்கம் தள்ளினார்.

"தேத்தண்ணியைக் குடிச்சிட்டுப் போங்கோ தம்பி," என்றார். "இனி வராதேங்கோ."

குடித்தேன். சீனி போட மறந்திருந்தார். நான் கேட்கவில்லை.